பழைய படச்சுருளிலிருந்து ஆவணப்படம் வரை: வரலாற்றுக் காட்சிகளைக் காப்பாற்றும் வழிமுறை

பழைய ஃபிலிம் பெட்டி ஒன்று கைக்கு வந்ததும் முதல் விதி, அதை ஓட்டிப் பார்க்கக் கூடாது. புரொஜெக்டரில் ஏற்றி உள்ளே என்ன இருக்கிறது என்று பார்க்கத்தான் மனம் துடிக்கும். ஆனால் ஐம்பது, அறுபது ஆண்டுகள் அடைந்து கிடந்த ஃபிலிம் சுருங்கியிருக்கும். புரொஜெக்டரின் பற்கள் ஃபிலிமின் துளைகளுக்குள் சரியாக உட்காராமல், ஒவ்வொரு துளையாகக் கிழித்துக்கொண்டே போகும். உலகில் அந்த ஒரு பிரதிதான் உண்டு என்றால், அந்த ஓட்டமே அதன் கடைசி ஓட்டம்.

இந்த வேலையில் காப்பாற்ற வேண்டியவை இரண்டு. படம் ஒன்று. அது எது, எங்கே, எப்போது, யாரால் எடுக்கப்பட்டது என்கிற விவரம் இன்னொன்று. விவரம் தொலைந்துபோன காட்சி எவ்வளவு துல்லியமாக ஸ்கேன் ஆகியிருந்தாலும், ஆவணப்படம் எடுப்பவருக்கு அது வெறும் தெருவும் கூட்டமும்தான். அதனால் கீழே வரும் ஒவ்வொரு கட்டத்திலும் இரண்டையும் சேர்த்தே சொல்கிறோம்.

பெட்டியைத் திறக்கும் முன்

பெட்டியின் மேல், கீழ், பக்கவாட்டு எல்லாவற்றையும் படம் எடுங்கள். ஒட்டியிருக்கும் லேபிள், பென்சில் கிறுக்கல், ஆய்வகத்தின் எண், அடித்துத் திருத்திய எழுத்து எல்லாம் தேவை. பிறகு ஒரு தனி எண் கொடுங்கள். பெட்டி, ஃபிலிமின் முனையில் ஒட்டும் லீடர், பின்னால் உருவாகும் ஃபைல்கள், பட்டியல் பதிவு நான்குக்கும் அந்த ஒரே எண்தான். எண்ணுக்குள் அர்த்தம் புகுத்த வேண்டாம். ஆண்டையோ இடத்தையோ எண்ணில் சேர்த்துவிட்டால், நாளை அந்த ஆண்டு தவறு என்று தெரியவரும்போது எண்ணையே மாற்ற வேண்டிவரும்.

யார் கொடுத்தார், எப்போது, அதற்கு முன் எங்கே இருந்தது, எத்தனை பெட்டிகளோடு சேர்ந்து வந்தது என்று அன்றே எழுதுங்கள். ஒரே அலமாரியிலிருந்து வந்த பெட்டிகளைப் பொருள்வாரியாகப் பிரித்து அடுக்காதீர்கள். பக்கத்துப் பெட்டிதான் பல நேரம் இந்தப் பெட்டியின் தேதியைச் சொல்லும். பெட்டிக்குள் காகிதம் இருந்தால், குறிப்பாக ஒளிப்பதிவாளர் எழுதிய ஷாட் குறிப்பு இருந்தால், அதைத் தனி உறையில் அதே எண்ணோடு வையுங்கள். காகிதம் ஈரத்தை இழுத்து ஃபிலிமுக்குக் கொடுக்கும். அதற்காகத் தூக்கி எறிந்துவிட்டால் பாதி வரலாறு குப்பைக்குப் போய்விடும்.

லேபிளில் ஒரு தலைவரின் பெயரும் ஊர்வலம் என்ற சொல்லும் இருந்தால், பதிவேட்டில் "லேபிளில் உள்ளபடி" என்று சேர்த்து எழுதுங்கள். பெட்டிகள் மாறிப்போவது மிகச் சாதாரணம்.

எந்த ஃபிலிம் என்று கண்டுபிடிப்பது

ஃபிலிமின் அடித்தளம், அதாவது படப்பூச்சைத் தாங்கும் ஒளிபுகும் பட்டை, மூன்று வகை: நைட்ரேட், அசெட்டேட், பாலியெஸ்டர். ஒவ்வொன்றும் ஒவ்வொரு விதமாகக் கெடும்; ஆகவே இதைத் தீர்மானிக்காமல் அடுத்த கட்டத்துக்குப் போக முடியாது.

35 மி.மீ. ஃபிலிம், 1950களின் தொடக்கத்துக்கு முந்தையது என்றால், வேறு வகை என்று நிரூபணமாகும் வரை அதை நைட்ரேட் என்றே நடத்துங்கள். 1923இல் வந்த 16 மி.மீ., 1932இல் வந்த 8 மி.மீ., 1965இல் வந்த சூப்பர் 8 ஆகியவை வீட்டிலும் பள்ளியிலும் பயன்படுத்த உருவானவை. அவை அனேகமாக எப்போதும் தீப்பிடிக்காத அடித்தளத்திலேயே தயாரிக்கப்பட்டன. ஓரத்தில் அச்சாகியிருக்கும் "நைட்ரேட்" அல்லது "சேஃப்டி" என்ற சொல்லை மட்டும் நம்பக் கூடாது. பிரதி எடுக்கும்போது மூலச்சுருளின் ஓர எழுத்தும் சேர்ந்து பதிந்துவிடும். நைட்ரேட் என்று எழுதியிருக்கும் சேஃப்டி ஃபிலிமும் உண்டு, நேர்மாறும் உண்டு.

நைட்ரேட் ஃபிலிம் எரியும்போது தனக்கு வேண்டிய ஆக்சிஜனைத் தானே வெளியிடும். தண்ணீருக்குள் அமுக்கினாலும் அணையாது, புகையும் நச்சு. 1937இல் அமெரிக்காவின் லிட்டில் ஃபெரியில் ஃபாக்ஸ் நிறுவனத்தின் கிடங்கும், 1978இல் மேரிலாந்தில் உள்ள சூட்லண்டில் அமெரிக்க தேசிய ஆவணக்காப்பகத்தின் நைட்ரேட் கிடங்கும் எரிந்தன. இரண்டாவதில் மட்டும் ஒரு கோடி அடிக்கும் அதிகமான செய்திப்படச் சுருள்கள் போயின. ஆகவே ஒரு துண்டை வெட்டி எரித்துப் பார்க்கும் சோதனை வேண்டவே வேண்டாம். படம் மஞ்சள் பழுப்பாக மாறுவது, சுருள் பிசுபிசுப்பது, மேலே நுரை போலக் குமிழ்வது, ஒரே கட்டியாக இறுகுவது, கடைசியில் பழுப்புத் தூளாவது என்று அது படிப்படியாகச் சிதையும். பிசுபிசுப்புக் கண்டால் பெட்டியை மூடி, குளிர்ந்த, காற்றோட்டமான, ஆள் புழங்காத இடத்தில் வைத்துவிட்டு, நைட்ரேட் கிடங்கு வைத்திருக்கும் திரைப்படக் காப்பகத்தை அழையுங்கள். சாதாரணத் தபாலிலோ கூரியரிலோ அனுப்பக் கூடாது. அபாயப் பொருள்களுக்கான விதிப்படியே அது பயணிக்க வேண்டும்.

அசெட்டேட்டா பாலியெஸ்டரா என்பதற்கு எளிய வழி, சுற்றிய சுருளின் பக்கவாட்டை விளக்கின் முன் பிடித்துப் பார்ப்பது. பாலியெஸ்டர் என்றால் சுருளின் ஊடே வெளிச்சம் கசியும். அசெட்டேட் என்றால் இருட்டாகத் தெரியும். கையால் கிழித்துப் பார்க்கும் பழக்கம் சிலரிடம் உண்டு, பாலியெஸ்டர் கிழியாது என்பதால். அசெட்டேட் கிழியும் என்பதையும் அவர்கள் நினைத்துப் பார்க்க வேண்டும்.

புளிப்பு வாடையும் சுருக்கமும்

அசெட்டேட்டின் நோய் புளிப்பு நோய். வெப்பமும் ஈரமும் அடித்தளத்தைச் சிதைத்து அசெட்டிக் அமிலத்தை வெளியிடும். வெளிவந்த அமிலமே மேலும் சிதைவைத் தூண்டும். வினிகர் வாடை மூக்கில் ஏறும்போது நோய் ஏற்கெனவே முற்றியிருக்கும், ஆகவே மூக்கை நம்பாமல் ஏ-டி ஸ்ட்ரிப் என்ற சோதனைத் தாளைப் பயன்படுத்துங்கள். ஒரு தாளை மூடிய பெட்டிக்குள் சுருளின் மேல் வைத்து, அறை வெப்பத்தில் குறைந்தது 24 மணி நேரம் விடுங்கள். தாளோடு வரும் பென்சிலில் இருக்கும் நிறங்களோடு ஒப்பிட்டு எண்ணைக் குறியுங்கள். நீலம் என்றால் 0, நலம். பச்சையை நோக்கி மாறினால் 1.5, அமிலம் தன்னைத்தானே பெருக்கத் தொடங்கும் கட்டம் அது. மஞ்சள் 3, சுருக்கமும் வளைவும் நெருங்கிவிட்டன. 1.5ஐத் தொட்ட சுருள்களை ஸ்கேன் வரிசையில் முன்னால் கொண்டுவாருங்கள், அதுவரை உறையவையுங்கள். புளித்த சுருளை நல்ல சுருள்களோடு ஒரே அலமாரியில் வைக்கக் கூடாது. ஆவி பக்கத்துப் பெட்டியையும் கெடுக்கும். படம் தனி, ஒலி தனி என்று வந்த சுருள்களில் காந்தப் பூச்சு கொண்ட ஒலிச்சுருள்தான் சீக்கிரம் புளிக்கும், ஏனெனில் அதிலுள்ள இரும்பு ஆக்சைடு சிதைவை விரைவாக்கும். இரண்டையும் ஒரே பெட்டியில் வைத்திருந்தால் இன்றே பிரித்துவிடுங்கள்.

ஃபிலிமின் மேல் வெள்ளைத் தூள் படிந்திருந்தால் எல்லாரும் பூஞ்சை என்றே எண்ணுவார்கள். பல நேரம் அது அடித்தளத்திலிருந்து வெளியேறிய பிளாஸ்டிசைசரின் படிகம். லூப்பில் (கண்ணருகே வைத்துப் பார்க்கும் உருப்பெருக்கியில்) பாருங்கள். படிகம் ஊசி போலவோ பொடி போலவோ இருக்கும்; பூஞ்சை நூல் நூலாகப் பின்னிக் கிளைவிட்டிருக்கும். பூஞ்சை என்றால் முகக்கவசம் போட்டுக்கொண்டு, சுருளைத் தனிமைப்படுத்தி, முதலில் உலரவிட வேண்டும். தண்ணீர் பட்டுவிடக் கூடாது. பூஞ்சை எமல்ஷனில் (படம் பதிந்திருக்கும் பூச்சில்) இருக்கும் ஜெலட்டினைத் தின்று கரையக்கூடியதாக ஆக்கிவிடும். ஈரத்துணி பட்டால் படமே துணியோடு வந்துவிடும்.

சுருக்கத்தை அளக்கத் தனிக் கருவி உண்டு, ஆனால் நல்ல உலோக அளவுகோலும் போதும். 16 மி.மீ. ஃபிலிமில் ஒரு துளையிலிருந்து அடுத்த துளைக்கு 7.62 மி.மீ. எனவே 100 ஃபிரேமின் நீளம் 762 மி.மீ. இருக்க வேண்டும். சில கேமரா நெகட்டிவ்களில் துளை இடைவெளி 7.605 மி.மீ., அவற்றுக்கு 760.5 என்று வைத்துக்கொள்ளுங்கள். 762க்குப் பதில் 756 வந்தால் சுருக்கம் ஏறக்குறைய 0.8 சதவீதம், 754.4 வந்தால் 1 சதவீதம். 0.8ஐத் தாண்டியதைப் பற்சக்கரம் உள்ள எந்த இயந்திரத்திலும் ஏற்றக் கூடாது. 1 சதவீதத்துக்கு மேல் பற்சக்கரமே இல்லாத, துளையைக் கேமராவால் கண்டு ஃபிரேமை நிறுத்தும் ஸ்கேனர் தேவை. சுருளின் தொடக்கம், நடு, முடிவு என மூன்று இடங்களில் அளங்கள். வெளிச்சுற்று அதிகமாகவும் உள்சுற்று குறைவாகவும் சுருங்கியிருக்கலாம்.

மேசை வேலை

வேண்டியவை: கையால் சுற்றும் ரீவைண்டர் ஒரு ஜோடி, ஒளிப்பெட்டி, லூப், ஃபிலிம் துண்டுகளை ஒட்டும் ஸ்ப்ளைசர், அந்தந்த அளவுக்குரிய துளையிட்ட ஸ்ப்ளைஸ் டேப், வெள்ளை லீடர், பஞ்சு நூல் உதிராத துணி. பருத்திக் கையுறை கிழிந்த துளையில் மாட்டிக்கொள்ளும். நைட்ரைல் கையுறை போட்டு ஓரத்தை மட்டும் பிடிப்பதே மேல்.

மோட்டாரால் சுற்றாமல் கையால் மெதுவாகச் சுற்றுங்கள். ஒரு கையின் விரல்கள் ஃபிலிமின் இரு ஓரத்தையும் லேசாகத் தொட்டுக்கொண்டே இருக்கட்டும். கிழிந்த துளையும் பிரிந்த ஸ்ப்ளைஸும் (ஒட்டுப்போட்ட இடமும்) கண்ணுக்கு முன்னால் விரலுக்குத் தெரியும். கண்டவுடன் நிறுத்தி, சரிசெய்து, எந்த அடியில் என்று குறியுங்கள். அலுவலகச் செலோடேப்பால் ஒட்டிய பழைய ஸ்ப்ளைஸ்கள் பசை வழிந்து அடுத்த சுற்றோடு ஒட்டிக்கிடக்கும். இழுத்துப் பிரித்தால் எமல்ஷன் உரியும். ஓரத்திலிருந்து மெல்லத் தூக்கி, டேப்பை அகற்றி, மீந்த பசையைத் துணியில் மிகச் சிறிது ஐசோபுரோப்பைல் ஆல்கஹால் தொட்டு, முதலில் படமில்லாத ஓரத்தில் சோதித்துவிட்டுத் துடையுங்கள். கெட்டுப்போன ஃபிரேம்களை வெட்டி எறியாதீர்கள். துண்டு கழன்றுவந்தால் அதையும் உறையில் போட்டு எண்ணிடுங்கள்.

முன்னும் பின்னும் குறைந்தது 2 மீட்டர் லீடர் ஒட்டி, எண்ணை எழுதுங்கள். சின்ன ஸ்பூலில் இறுகச் சுற்றியிருந்தால் 3 அங்குல விட்டமுள்ள கோருக்கு (பக்கத்தட்டு இல்லாத நடு உருளைக்கு) மாற்றி, தளர்வும் இறுக்கமும் இல்லாமல் சுற்றுங்கள்.

சுற்றும்போதே தலைமுறையை, அதாவது கையில் இருப்பது மூலமா, எத்தனையாவது பிரதி என்பதை, கண்டுபிடியுங்கள். இது ஆவணப்பட வேலைக்கு மிக முக்கியம், ஏனெனில் ஒரே காட்சியின் நான்காம் பிரதியை ஸ்கேன் செய்துவிட்டு மூலத்தைத் தவறவிடுவது அடிக்கடி நடக்கிறது. கேமராவில் ஓடிய ரிவர்சல் ஃபிலிமின் (நெகட்டிவ் இல்லாமல் நேராகவே பாசிட்டிவ் படம் தரும் வகை) ஓரம் கறுப்பாக இருக்கும், எழுத்துகள் வெளிச்சமாகத் தெரியும். நெகட்டிவிலிருந்து எடுத்த பிரின்டின் ஓரம் தெளிவாக இருக்கும். கறுப்பு வெள்ளை நெகட்டிவின் ஓரமும் தெளிவுதான், கலர் நெகட்டிவில் ஆரஞ்சுச் சாயல். ஒரு ஸ்ப்ளைஸ் கண்ணுக்குத் தெரிகிறது, ஆனால் விரலில் தட்டுப்படவில்லை என்றால், அந்த ஸ்ப்ளைஸ் முந்தைய தலைமுறையில் இருந்தது. உங்கள் கையில் இருப்பது பிரதி.

கோடக் ஃபிலிமின் ஓரத்தில் வட்டம், சதுரம், முக்கோணம் போன்ற குறிகள் இருக்கும். அவை ஃபிலிம் தயாரான ஆண்டைச் சொல்பவை. நெடுங்காலம் 20 ஆண்டுக்கு ஒருமுறை அதே குறி திரும்ப வந்தது, எனவே ஒரு குறிக்கு இரண்டு மூன்று ஆண்டுகள் பொருந்தும். படத்தில் தெரியும் வாகனம், உடை, ஃபிலிமின் வகை ஆகியவற்றை வைத்து அதில் ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டும். இந்தக் குறி படம் பிடித்த தேதியைத் தராது. அதற்கு முன் பிடித்திருக்க முடியாது என்பதை மட்டும் உறுதியாகச் சொல்லும். பிரதியில் மூலத்தின் குறியும் பிரதியின் குறியும் சேர்ந்தே தெரியலாம். இரண்டையும் எழுதுங்கள்.

ஸ்கேன் செய்யும்போது

ஆய்வகத்துக்கு அனுப்பினாலும் உங்களிடமே ஸ்கேனர் இருந்தாலும், இவற்றை எழுத்தில் கேளுங்கள். ஃபிரேமின் விளிம்பைத் தாண்டி, துளையும் ஓர எழுத்தும் தெரியும்படி ஓவர்ஸ்கேன் வேண்டும். நிறமும் மாறுபாடும் திருத்தாத, வெளிச்சப் பகுதியும் நிழலும் வெட்டுப்படாத தட்டையான ஸ்கேன் வேண்டும். தூசி நீக்கும் மென்பொருள், நடுக்கம் நிறுத்தும் மென்பொருள், ஃபிலிம் மணலை (படத்தில் தெரியும் நுண்துகள்களை) மழுப்பும் மென்பொருள் எதுவும் மூல ஃபைலில் ஓடக் கூடாது. ஒரு ஃபிலிம் ஃபிரேமுக்கு ஒரு டிஜிட்டல் ஃபிரேம், கூடவும் கூடாது, குறையவும் கூடாது.

ஈர கேட் என்ற முறையில், ஃபிலிம் போன்றே ஒளியை வளைக்கும் திரவத்துக்குள் அது ஓடும். அடித்தளப் பக்கத்துக் கீறல்கள் திரவம் நிரம்பி மறைந்துவிடும். எமல்ஷன் வரை இறங்கிய கீறல், அதாவது படமே சுரண்டப்பட்ட இடம், எதிலும் மறையாது.

ஒலித்தடம் இருந்தால் ஒத்திசைவைக் கவனியுங்கள். 16 மி.மீ. ஃபிலிமில் ஒளியியல் ஒலி படத்தைவிட 26 ஃபிரேம் முன்னால் இருக்கும், காந்த ஒலி 28 ஃபிரேம், சூப்பர் 8 காந்த ஒலி 18 ஃபிரேம். சில ஸ்கேனர்கள் இதைச் சரிசெய்துவிடும், சில செய்யா. 26 ஃபிரேம் என்பது ஒரு விநாடிக்கும் மேல். பேசும் உதடும் குரலும் பிரிந்து நிற்கும். கதவு மூடுவது, கை தட்டுவது போன்ற ஒரு காட்சியைப் பார்த்து உறுதி செய்யுங்கள்.

கலர் ஃபிலிம் முழுக்க இளஞ்சிவப்பாக வந்தால் பதற வேண்டாம், ஸ்கேனர் தவறு அல்ல. பழைய ஈஸ்ட்மேன்கலர் பிரின்டுகளில் சியான் சாயம் இருட்டில் இருந்தபடியே மங்கிவிடும். மங்கிய மூலத்தை அப்படியே ஸ்கேன் செய்து வையுங்கள்; நிறத்தைத் திருப்பும் வேலை ஒரு நகலில். கோடக்குரோம் சுருள்கள் இருட்டில் நன்றாகவே தாக்குப்பிடிப்பவை. அதே குடும்பப் பெட்டியில் இரண்டும் கலந்திருந்தால் ஆச்சரியப்பட வேண்டாம்.

அளவுக் கணக்கு: 400 அடி 16 மி.மீ. சுருளில் 16,000 ஃபிரேம், விநாடிக்கு 24 என்றால் 11 நிமிடம். 2கே அளவில் 10 பிட் டிபிஎக்ஸ் (ஒரு ஃபிரேமுக்கு ஒரு படஃபைல்) ஃபைல் ஒன்று ஏறக்குறைய 12.6 மெகாபைட், ஆக ஒரு சுருளுக்கு 200 கிகாபைட். 4கே என்றால் நான்கு மடங்கு. ராகுக்டு (RAWcooked) என்ற மென்பொருள் டிபிஎக்ஸ் வரிசையை எஃப்எஃப்வி1 குறியீட்டில், மட்ரோஸ்கா ஃபைலாகச் சுருக்கும். ஒரு பிட்கூட இழக்காமல் பழைய டிபிஎக்ஸைத் திரும்ப எடுத்துவிடலாம். இடம் கணிசமாக மிச்சமாகும்.

டேப்புகள்: காத்திருக்க நேரம் இல்லை

நல்ல குளிரில் வைத்த ஃபிலிம் நூறாண்டு தாங்கும். டேப் தாங்காது, தாங்கினாலும் அதை ஓட்ட இயந்திரம் இராது. 2019இல் யுனெஸ்கோவின் ஒரு திட்டம் விடுத்த காந்த நாடா எச்சரிக்கை 2025ஐக் கெடுவாகக் காட்டியது. கையில் ஃபிலிமும் டேப்பும் கலந்திருந்தால், புளிப்பில் முற்றிய ஃபிலிமைத் தவிர மற்றபடி டேப்பையே முதலில் எடுங்கள்.

1. பதிவுத் தடுப்பை முதலில் பாருங்கள். யூமேட்டிக் கேசட்டின் அடியில் உள்ள சிவப்புப் பொத்தானைக் கழற்றுங்கள், விஎச்எஸ்ஸின் தாவலை உடைத்துவிடுங்கள், பீட்டாகேமின் சிவப்புத் தாவலைத் தடுப்பு நிலைக்கு மாற்றுங்கள்.

2. கேசட்டின் சாளரம் வழியே சுற்றைப் பாருங்கள். வெள்ளைப் படிவு, மடிந்த ஓரம், மேடுபள்ளமான சுற்று இருந்தால் ஓட்ட வேண்டாம்.

3. முக்கியமில்லாத ஒரு டேப்பை இயந்திரத்தில் ஓட்டி, இயந்திரம் நலமா என்று பார்த்த பிறகே அசலை ஏற்றுங்கள். முதலில் முழுவதும் முன்னோட்டி, திரும்பச் சுற்றினால் இறுக்கம் சீராகும். பிசுபிசுப்பான டேப்பை அப்படிச் செய்யக் கூடாது.

4. படம் திடீரென்று புள்ளிமழையானால் அல்லது கிறீச்சிட்டால் உடனே நிறுத்துங்கள். பூச்சு உரிந்து, டேப்பைப் படிக்கும் ஹெட்டை அடைத்திருக்கிறது. ஷமுவாத் துணிக் குச்சியில் ஐசோபுரோப்பைல் ஆல்கஹால் தொட்டு, ஹெட் டிரமைக் கையால் சுழற்றி, கிடைவாக்கில் மட்டும் துடையுங்கள். மேலும் கீழும் தேய்த்தால் ஹெட் உடையும்.

பிசுபிசுப்புக்குக் காரணம், பூச்சைப் பிடித்திருக்கும் பாலியூரித்தேன் பசை ஈரத்தை உறிஞ்சிச் சிதைவது. ஏறக்குறைய 50 டிகிரி செல்சியஸில், வெப்பம் ஏறி இறங்காத அடுப்பில், எட்டு மணி நேரமோ அதற்கு மேலோ உலரவைத்தால் சில நாள்களுக்கு ஓடும். அந்தச் சில நாள்களுக்குள் பதிவை எடுத்துவிட வேண்டும். சமையல் அவனில் முயல வேண்டாம். அதன் வெப்பம் பத்து இருபது டிகிரி தாண்டித் தாண்டி இறங்கும். அசெட்டேட் அடித்தளம் கொண்ட பழைய ஒலி நாடாக்களை எந்த அடுப்பிலும் வைக்கக் கூடாது, சுருண்டு பாழாகும்.

அனலாக் டேப் என்றால் இயந்திரத்துக்கும் கணினிக்கும் நடுவே சிக்னலின் நேரப் பிசகைச் சரிசெய்யும் டைம் பேஸ் கரெக்டர் கட்டாயம்; இல்லாவிட்டால் கோடுகள் அலைந்து, ஃபிரேம்கள் உதிரும். டேப்பின் தொடக்கத்தில் உள்ள வண்ணப்பட்டையை வைத்து அளவைச் சரிசெய்து, அடுத்து வரும் படத்தையும் அலைவடிவ மானிட்டரில் பாருங்கள். பட்டை ஓர் இடத்தில் பதிவாகி, படம் வேறோர் இயந்திரத்தில் பதிவாகியிருக்கலாம். 10 பிட் 4:2:2 ஆக எடுங்கள். சுருக்காமல் மணிக்கு ஏறக்குறைய 100 கிகாபைட், எஃப்எஃப்வி1இல் அதில் பாதி அல்லது அதற்கும் கீழ். மினி-டிவி கேசட்டை அனலாக் வழியாக எடுக்கவே கூடாது. அதில் ஏற்கெனவே டிஜிட்டல் தரவுதான் இருக்கிறது. ஃபயர்வயர் கம்பி வழியே அப்படியே நகலெடுங்கள்.

டேப் படம் இரண்டு புலங்களாக, ஒற்றை வரிகளும் இரட்டை வரிகளுமாக, பின்னியது. பாதுகாப்பு ஃபைலில் அந்தப் பின்னலைக் கலைக்காதீர்கள். கலைத்தால் அசைவில் பாதி போய்விடும், திரும்ப வராது.

ஃபைலை உயிரோடு வைத்திருப்பது

ஃபைல் உருவான அன்றே, முதல் முறை நகரும் முன்பே, செக்சம் (ஃபைல் சிறிது மாறினாலும் தானும் மாறிக் காட்டிக்கொடுக்கும் எண்) எடுங்கள். எம்டி5 போதும், எஸ்எச்ஏ-256 இன்னும் நல்லது. பெயர்களும் செக்சம்களும் அடங்கிய பட்டியலை ஃபைலோடு ஒரே உறையில் வைக்க பேக்இட் என்ற அமைப்பு உதவும். மூன்று நகல், இரண்டு வகை ஊடகம், அதில் ஒன்று வேறு ஊரில். வேறு ஊர் என்பதற்கு அதே கட்டடத்தின் அடுத்த மாடி என்று பொருள் இல்லை.

நீண்ட காலத்துக்கு எல்டிஓ என்ற கணினித் தரவு டேப் நம்பகமானது. எல்டிஓ-8 கேசட்டில் 12 டெராபைட், எல்டிஓ-9இல் 18. ஆனால் எல்டிஓ-8 இயந்திரம் ஏழையும் எட்டையும் மட்டுமே படிக்கும், ஒன்பது எட்டையும் ஒன்பதையும். ஆக ஒவ்வொரு சில ஆண்டுக்கும் புதுக் கேசட்டுக்கு மாற்றும் செலவை முதல் நாளே திட்டத்தில் சேர்க்க வேண்டும். தனி ஹார்ட் டிஸ்க்கை அலமாரியில் பூட்டி வைத்துவிட்டுப் பாதுகாத்தாயிற்று என்று இருந்துவிடுவதுதான் அதிகம் பார்க்கும் தவறு. ஆண்டுக்கு ஒருமுறையாவது செக்சத்தைத் திரும்ப ஓட்டிப் பாருங்கள்.

ஸ்கேன் முடிந்த ஃபிலிமை எறியலாமா என்று பலர் கேட்கிறார்கள். கூடாது. அடுத்த தலைமுறை ஸ்கேனர் இன்னும் அதிகம் காணும். ஓர எழுத்தைத் திரும்பப் பார்க்க வேண்டிவரும். 21 டிகிரி, 50 சதவீத ஈரப்பதத்தில் புதிய அசெட்டேட் புளிக்கத் தொடங்க ஏறக்குறைய 40 ஆண்டுகள். குளிரூட்டினால் அது நூற்றாண்டுகளாக நீளும். குளிர்க்கிடங்கு இல்லையென்றால் உறைபெட்டி போதும். பெட்டியைப் பாலித்தீன் பையில் காற்றைப் பிழிந்து மூடி, ஈரப்பதம் காட்டும் அட்டையோடு இரண்டாவது பையில் போட்டு மூடுங்கள். வெளியே எடுத்தால் பையைத் திறக்காமல் ஒரு முழு நாள் அறையில் விடுங்கள். உடனே திறந்தால் குளிர்ந்த ஃபிலிமின் மேல் நீர் முத்துமுத்தாகப் படியும்.

பட்டியல்: இங்கேதான் காட்சி மதிப்புப் பெறுகிறது

ஷாட் ஷாட்டாக எழுதுங்கள். "போராட்டம், கூட்டம்" என்ற வரி யாருக்கும் பயன்படாது. இப்படி எழுதுங்கள்: "00:03:12 முதல் 00:03:27. ரயில் நிலைய முகப்பு, அகலக் காட்சி. வட்டக் கடிகாரம் 10.20 காட்டுகிறது. ஏறக்குறைய முப்பது பேர் பதாகையோடு இடமிருந்து வலமாக நடக்கிறார்கள். கேமரா வலப்பக்கம் பான். முன்னணியில் ஒரு குதிரை வண்டி." கண்ணுக்குத் தெரிவது ஒரு பத்தியில், நீங்கள் ஊகிப்பது வேறு பத்தியில். ஊகத்துக்கு மூன்று தரம் போதும்: உறுதி, சாத்தியம், லேபிளில் உள்ளபடி. ஒவ்வொரு ஊகத்துக்கும் எதை வைத்துச் சொல்கிறீர்கள் என்று ஒரு வரி.

தேதியும் இடமும் கண்டுபிடிக்க, கடைப் பலகை, சுவரொட்டி, வாகன எண் பலகை, சீருடைப் பட்டை, மின்கம்பம், நிழலின் நீளம், மரத்தில் இலை இருக்கிறதா இல்லையா எல்லாம் சாட்சி. முதலில் படம் கண்ணாடியில் தெரிவதுபோல் இடவலம் மாறியிருக்கிறதா என்று பாருங்கள். பிரதி எடுக்கும்போது எமல்ஷன் பக்கம் மாறினால் இது நேரும். எழுத்து இல்லாத காட்சியில் சட்டைப் பொத்தான், வண்டியின் ஸ்டீயரிங், வாள் தொங்கும் பக்கம் காட்டிக்கொடுக்கும்.

செய்திப்படங்களில் ஒரு பொறி உண்டு. பழைய காட்சியைப் புதிய செய்திக்குள் செருகுவது அக்காலத்தில் வழக்கம். ஒரு ஷாட் மட்டும் மணல் கூடுதலாகவோ மாறுபாடு தூக்கலாகவோ இருந்து, இரு பக்கமும் ஸ்ப்ளைஸ் இருந்தால், அது வேறிடத்திலிருந்து வந்தது என்று சந்தேகியுங்கள். நடித்துக் காட்டிய காட்சிகளும் உண்டு. முதல் உலகப் போரில் நடந்த 1916 சோம் போரைப் பற்றிய படத்தில், வீரர்கள் அகழியிலிருந்து ஏறி எதிரியை நோக்கிப் போகும் காட்சி போர்முனைக்குப் பின்னால் அரங்கேற்றப்பட்டது என்பது ஆய்வாளர்களின் முடிவு. ஆனாலும் அது போரின் நேரடிச் சாட்சியாகப் பல ஆவணப்படங்களில் ஓடியிருக்கிறது. கேமரா எங்கே நின்றிருக்க வேண்டும் என்று கேட்டுப் பாருங்கள். குண்டு மழையில் எதிரிப் பக்கம் முதுகு காட்டி நிற்கும் கேமராவை நம்புவது கடினம்.

எடிட்டருக்குக் கொடுக்கும்போது

முதலில் போவது பார்வைப் பிரதி மட்டும். சிறிய ஃபைல், படத்தின் மேலேயே டைம்கோடும் உங்கள் எண்ணும் எரித்திருக்க வேண்டும். எடிட்டர் எடிட் முடித்து, தான் பயன்படுத்திய ஷாட்களின் எண், டைம்கோடு பட்டியலைத் தந்த பிறகு, அந்தப் பகுதிகளை மட்டும் உயர்தரத்தில் கொடுங்கள். முன்னும் பின்னும் ஒரு விநாடி கூடுதலாக விடுங்கள்.

வேகத்தைப் பேசித் தீர்மானியுங்கள். மௌனப் படக்கால ஃபிலிம் விநாடிக்கு 16 முதல் 20 ஃபிரேமுக்குள் பெரும்பாலும் கையால் சுழற்றிப் பிடித்தது. சுருளுக்குள்ளேயே வேகம் மாறும். 18 ஃபிரேமில் பிடித்ததை 25இல் ஓட்டினால் மக்கள் 39 சதவீதம் வேகமாகத் துள்ளி நடப்பார்கள், அழுகிற கூட்டமும் கேலிச்சித்திரமாகிவிடும். 18ஐ 24ஆக்க ஒவ்வொரு மூன்றாவது ஃபிரேமையும் இருமுறை போடுங்கள். 16ஐ 24ஆக்க ஒவ்வோர் இரண்டாவது ஃபிரேமையும். நடுவே ஃபிரேம்களைக் கற்பனை செய்து நிரப்பும் மென்பொருள் வேண்டாம், விரல்களும் முகங்களும் உருகும். எந்த வேகம் என்று முடிவெடுத்தீர்கள் என்பதையும் எழுதிவையுங்கள்.

4:3 படத்தை 16:9 திரைக்கு நிரப்பினால் உயரத்தில் கால் பங்கு வெட்டுப்படும். பெரும்பாலும் போவது தலையும் பதாகை எழுத்தும். இரு பக்கமும் கறுப்பு விட்டு முழு ஃபிரேமையும் காட்டச் சொல்லி வாதாடுங்கள், கேட்பார்கள்.

வண்ணம் பூசுவதும், செயற்கை நுண்ணறிவால் கூர்மையாக்குவதும் இன்று ஒரு பொத்தானில் முடிகிறது. அந்தக் கூர்மை மூலத்திலிருந்து வருவதில்லை. மென்பொருள் தான் படித்த வேறு படங்களிலிருந்து இட்டுக்கட்டுவது. தெரியாத முகத்துக்கு ஒரு முகத்தைக் கொடுத்துவிடும். ஆவணப்படங்களுக்குப் பழைய காட்சி தேடும் தயாரிப்பாளர்களின் அமைப்பான ஆர்க்கைவல் புரொடியூசர்ஸ் அலையன்ஸ் 2024இல் வெளியிட்ட வழிகாட்டுதல்கள் இப்படிப்பட்ட மாற்றத்தைப் பார்வையாளருக்கு வெளிப்படையாகச் சொல்ல வேண்டும் என்கின்றன. ஒப்பந்தத்தில் அதை ஒரு வரியாகச் சேர்த்துவிடுங்கள்.

உரிமை விஷயத்தில் ஒன்று: ஃபிலிம் சுருளை வைத்திருப்பவர் வேறு, அதன் பதிப்புரிமை வைத்திருப்பவர் வேறு. படத்தில் ஒலிக்கும் பாட்டுக்கு மூன்றாவது ஆள் இருக்கலாம். உரிமம் எழுதும்போது எத்தனை விநாடி, எந்த நாடுகள், எத்தனை ஆண்டு, திரையரங்கா தொலைக்காட்சியா இணையமா என்ற நான்கும் தெளிவாக இருக்க வேண்டும்.

படம் முடிந்ததும் எடிட்டரிடம் இரண்டைத் திரும்பக் கேளுங்கள். எந்தெந்த ஷாட் படத்தில் வந்தது என்ற பட்டியல் ஒன்று. ஆய்வின்போது அவர்கள் கண்டுபிடித்த பெயர், தேதி, இடம் மற்றொன்று. ஆவணப்படக் குழுவினர் நேரில் மனிதர்களைச் சந்தித்து, காட்சியில் இருக்கும் முகத்துக்குப் பெயர் வாங்கி வருவார்கள். அந்தப் பெயர் அவர்களின் மின்னஞ்சலிலேயே தங்கிவிட்டால் அடுத்த குழு அதே தேடலைத் தொடக்கத்திலிருந்து செய்ய வேண்டும். பட்டியலில் சேர்க்கும்போது, பழைய பதிவை அழிக்காமல், யார் எப்போது எதை வைத்துத் திருத்தினார் என்று கீழே சேர்த்து எழுதுங்கள்.